ஒய்பி பிறந்த இடம்

எந்த வீட்டில் பிறந்தீர்கள் என்று யோகேஸ்வரி டீச்சர் கேட்டபோது ஒய்பி குணாளனின் வாயில் பாதிக் கறிபாப் இருந்தது. அதை அவர் வழக்கத்தைவிட நிதானமாக மென்றார்.

டீச்சர் பேனாவைத் தாளில் ஊன்றியபடி காத்திருந்தார்.

“லயத்து வரிசை வீடுதானே ஒய்பி? நம்பர் மட்டும் சொல்லுங்க. மலர்ல போடணும்.”

கறிபாப் தீர்ந்தது. தேநீரைக் குடித்தார். அதுவும் தீர்ந்தது.

“ஒம்பது,” என்றார்.

சொன்னவுடன் அவருடைய காதுகள் இரண்டும் சிவந்தன. சமையலறை வாசலில் நின்ற மனைவி பிரேமாவதி அந்தக் காதுகளைப் பார்த்துவிட்டு உள்ளே போனார். முப்பத்து மூன்று வருட இல்லறம். வாய் சொல்வதை விட்டுவிட்டுக் காது சொல்வதைக் கேட்க அவர் எப்போதோ பழகிவிட்டிருந்தார்.

குணாளன் கெனாங்கா தொகுதியின் சட்டமன்ற உறுப்பினராக மூன்று தவணை இருந்தவர். போன தேர்தலில் நிற்காமல் ஒதுங்கிக்கொண்டார். பதவி போனாலும் ‘ஒய்பி’ என்ற மரியாதைப் பட்டம் போகவில்லை. கோழிக்கடைக்காரர் முதல் கோயில் குருக்கள்வரை இன்னும் அப்படித்தான் கூப்பிட்டார்கள். வரும் ஞாயிற்றுக்கிழமை கெனாங்கா தோட்டத்து மக்கள் அவருக்குப் பாராட்டு விழா வைத்திருந்தார்கள். அவருடைய வாழ்க்கையும் பணியும் அடங்கிய மலர் ஒன்றும் அன்று வெளிவரும். தொகுப்பாசிரியர் யோகேஸ்வரி, தமிழ்ப்பள்ளித் தலைமையாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். நாற்பது வருடம் பரீட்சைத் தாள் திருத்திய கை. சரிபார்க்காமல் ஒரு கால்புள்ளியைக்கூட விடாது.

அதுதான் பிரச்சினை. குணாளன் கெனாங்கா தோட்டத்தில் பிறக்கவில்லை. எந்தத் தோட்டத்திலும் பிறக்கவில்லை.

அவருடைய அப்பாவுக்குக் கெடா மாநிலத்துத் திகாம் பத்துவில் துணிக்கடை. அம்மாவின் தாய்வீடு பினாங்கு. தலைப்பிரசவம் தாய்வீட்டில்தான் என்பது முறை. ஆகவே குணாளன் பினாங்கில், மின்விசிறி சுழலும் ஒரு பிரசவ விடுதியில், டாக்டர் கையில் பிறந்தார். மூன்றாம் மாதம் ஃபெர்ரியில் கடலைக் கடந்து திகாம் பத்துவுக்கு வந்தார். அதன்பிறகு சேர்ந்தாற்போல் ஒரு வாரம்கூடக் கெடாவை விட்டு வெளியே தங்கியதில்லை. என்ன செய்து என்ன? பிறந்தது அங்கேதான்.

முதல் தேர்தலின்போது கெனாங்கா கோயில் வாசலில் பேசப் போனார். மைக்கைப் பிடிப்பதற்குள் முன்வரிசையிலிருந்த ஒரு பெரியவர், நம் ஆட்கள் பெயரைக் கேட்பதற்கு முன்னால் கேட்கும் கேள்வியைக் கேட்டுவிட்டார்.

“தம்பி எந்தத் தோட்டம்?”

அந்தக் கேள்விக்குப் பதில் இல்லாதவன் விலாசமில்லாத கடிதம் மாதிரி. எதிர்த்து நின்ற பழனியாண்டியோ அதே தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர். இருவருக்கும் ஒரே வயது. துணிக்கடை மாடியில் வளர்ந்தவன் என்று சொல்லக் குணாளனுக்கு நா எழவில்லை.

“இந்தத் தோட்டந்தாண்ணே,” என்று சொல்லிவிட்டார்.

கூட்டம் சற்று நேரம் அமைதியாக இருந்தது. பிறகு பின்னால் யாரோ கைதட்டினார்கள். மற்றவர்களும் தட்டினார்கள்.

நூற்று எண்பத்தாறு ஓட்டில் குணாளன் ஜெயித்தார். கெனாங்கா தோட்டத்து வாக்குச்சாவடியில் மட்டும் இருநூற்று நாற்பது ஓட்டு முன்னிலை. அந்தக் கழித்தலை அவர் பதினைந்து வருடமாக மனத்துக்குள் போட்டுக்கொண்டே இருந்தார். எப்படிப் போட்டாலும் ஒரே விடைதான் வந்தது. அந்த ஒரு பொய் இல்லையென்றால் நாற்காலி பழனியாண்டியுடையது. அதனாலோ என்னவோ, சட்டமன்றத்தில் அவர் எப்போதும் நாற்காலியின் விளிம்பில்தான் உட்கார்ந்தார். வீட்டு சோபாவிலும் அப்படித்தான். முதுகு சாய்ந்து அவர் உட்கார்ந்ததை யாரும் பார்த்ததில்லை.

உட்கார்ந்த இடம் உறுத்தியதால் நடந்தார். கெனாங்காவுக்குக் குழாய்த் தண்ணீர் வாங்கிக் கொடுக்க மூன்று இலாகாக்களுக்கு எழுபத்திரண்டு முறை நடந்தார். தார்ச்சாலை, பள்ளிக்கு மண்டபம், லயத்தை உடைத்தபோது ஆளுக்கொரு சொந்த வீடு என்று எல்லாம் அந்த நடையில் வந்தவை. சாவு வீடுகளுக்கு முதல் ஆளாகப் போவார். போய் ஒரு மணி நேரம் ஒன்றும் பேசாமல் உட்கார்ந்திருப்பார். என்ன பேசுவதென்று தெரியாததுதான் காரணம். ஊர் அதைப் பெரிய மரியாதை என்று எடுத்துக்கொண்டது. நிருபர்கள் சிக்கலான கேள்வி கேட்டாலும் அதே மௌனந்தான். ஒய்பி ஆழமாக யோசிக்கிறார் என்று மறுநாள் பத்திரிகையில் வரும்.

ஒன்றே ஒன்றில் மட்டும் அவர் கவனமாக இருந்தார். இந்த நாட்டில் அடையாள அட்டை எண்ணில், பிறந்த தேதிக்கு அடுத்து வரும் இரண்டு இலக்கங்கள் பிறந்த மாநிலத்தைச் சொல்லிவிடும். கெடாவுக்குச் சைபர் ரெண்டு. பினாங்குக்குச் சைபர் ஏழு. எங்கே ஐசியை நீட்டினாலும் குணாளனின் பெருவிரல் தானாகவே போய் அந்த ஏழின்மேல் உட்கார்ந்துகொள்ளும். பதினைந்து வருடப் பழக்கத்தில் அந்த இடத்து எழுத்தே கொஞ்சம் தேய்ந்துவிட்டிருந்தது.

மறுநாள் காலை டீச்சர் போனில் கூப்பிட்டார்.

“ஒய்பி, ஒரு சின்ன சந்தேகம். பழைய லயத்து மேப்பை எடுத்துப் பாத்தேன். ஒம்பதாம் நம்பர் வீடே இல்ல.”

“இல்லையா?”

“அது கள்ளுக்கடை.”

குணாளன் மௌனமானார். இந்த முறை மௌனம் கைகொடுக்கவில்லை. டீச்சர் அதைவிட நீளமாக மௌனமாக இருக்கத் தெரிந்தவர். வகுப்பறைப் பழக்கம்.

“வீட்டுல பொறக்கல டீச்சர்,” என்றார் குணாளன் கடைசியில். “ஒம்பதாம் நம்பர் நெரையில. பால்காட்டுல. அம்மாவுக்குத் திடீர்னு வலி வந்துடுச்சு.”

மறுமுனையில் பேனா விழும் சத்தம் கேட்டது.

“ரப்பர் வெட்டுற காட்டுலயா? கித்தா மரத்தடியிலயா பொறந்தீங்க?”

“ம்.”

“இத்தன வருசம் ஏன் இத யார்கிட்டயும் சொல்லல?”

“சொல்லணும்னு தோணல.”

“எவ்வளவு அடக்கம் ஒய்பி ஒங்களுக்கு,” என்றார் டீச்சர். அவருடைய குரல் தழுதழுத்தது. “இதுதான் மலருக்கு மொதப் பக்கம்.”

போனை வைத்துவிட்டுத் திரும்பினால் பிரேமாவதி நின்றுகொண்டிருந்தார்.

“மாமி பால் வெட்டுனாங்களா?” என்று கேட்டார். “அவங்க பட்டுச் சேலைக்கு முந்தி மடிச்சுக் குடுக்கறதத் தவிர ஒரு வேலையும் செஞ்சு நான் பாத்ததில்லையே.”

“பிரேமா, சும்மா இரேன்.”

“மேடையில உண்மையச் சொல்லிடுங்க. இந்த வயசுல ஜெயிலுலயா போடப் போறாங்க?”

“பழனியாண்டி சீட்டு அது. அத எப்படிச் சொல்றது?”

பிரேமாவதி அவருடைய காதுகளைப் பார்த்தார். சிவக்கவில்லை. அதனால் மேலும் வற்புறுத்தாமல் உள்ளே போனார்.

அன்று மாலையே கோயில் கமிட்டிக்காரர்கள் பலகையோடு கிளம்பிவிட்டார்கள். ‘கெனாங்கா பெற்ற பிள்ளை இங்குதான் பிறந்தார்’ என்று மஞ்சளில் எழுதிய பலகை. ஆனால் கித்தா மரங்களை வெட்டி எண்ணெய் தரும் செம்பனை போட்டு இருபது வருடம் ஆகிவிட்டிருந்தது. பழைய மர வரிசைகளில் ஒன்பதாம் நெரை எங்கே போனது என்று இருட்டும்வரை அளந்து பார்த்து, கடைசியில் ஒரு செம்பனை மரத்தைத் தேர்ந்தெடுத்து ஆணி அடித்தார்கள். படத்தைக் குணாளனுக்கு அனுப்பினார்கள். பலகையின் பக்கத்தில் யாரோ ஒரு வாழைப்பழமும் வைத்திருந்தார்கள்.

குணாளன் அந்தப் படத்தை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

புதன்கிழமை டீச்சர் மறுபடியும் வந்தார்.

“பால்காட்டுல பொறந்தீங்கன்னா யாராவது கையில வாங்கியிருக்கணும்ல? மருத்துவச்சி யாரு?”

“அவங்க செத்துப் போய்ட்டாங்க டீச்சர்,” என்றார் குணாளன் உடனே. பொய் சொல்லும் வேகம் அவருக்கு இப்போது நன்றாகக் கூடியிருந்தது.

“அய்யய்யோ. எப்ப?”

“ரொம்ப வருசம் ஆச்சு.”

“அப்படி இருக்காதே. அறுபத்து ரெண்டுலேருந்து எண்பத்தஞ்சு வரைக்கும் கெனாங்காவுக்கு ஒரே மருத்துவச்சிதான். பிச்சையம்மாக்கா. போன மாசம் ஜித்ராவுல ஒரு கல்யாணத்துல என் பக்கத்துல உக்காந்துதான் சாப்பிட்டாங்க. ரெண்டு தடவை பாயசம் வாங்குனாங்க.”

குணாளன் தேநீர்க் கோப்பையை எடுத்தார். அது காலியாக இருந்தது. ஆனாலும் குடித்தார்.

“எண்பத்து ரெண்டு வயசு. அவ்வளவு ஞாபக சக்தி,” என்று டீச்சர் தொடர்ந்தார். “போதாததுக்கு ஒரு நீல நோட்டு வச்சிருக்காங்க. அவங்க கையில பொறந்த ஒவ்வொரு புள்ளையும் அதுல இருக்கு. இப்பவே போன் போடறேன். ஞாயித்துக்கெழம மேடையில ஒங்களுக்குப் பொன்னாடை போர்த்தறதே அவங்கதான்.”

வியாழக்கிழமை குணாளன் காரில் ஜித்ராவுக்குப் போனார். கார் ஓட்டியவர் முருகையா. குணாளனைவிட நான்கு வயது இளையவர், கெனாங்காவிலேயே வளர்ந்தவர், பதினைந்து வருடமாக அவருக்குக் கார் ஓட்டுபவர். வழியெல்லாம் குணாளன் சொல்ல வேண்டியதை மனத்துக்குள் ஒத்திகை பார்த்தார். அம்மா, நீங்க வர வேணாம். அம்மா, எனக்காக ஒரு உதவி. அம்மா, நான் உங்க கையில பொறக்கல.

மூன்றையும் சொல்ல முடியவில்லை. ஒய்பி வருகிறார் என்று தெரிந்து பிச்சையம்மாளின் மகன், மருமகள், அக்கம்பக்கத்தார் எல்லோரும் கூடியிருந்தார்கள். பதினோரு பேர் தனித்தனியாகப் படம் எடுத்துக்கொண்டார்கள். நடுவில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில், போனில் நாடகம் பார்த்தபடி பிச்சையம்மாள் உட்கார்ந்திருந்தார். ஒல்லியான உடம்பு. பெரிய கைகள்.

“ஒக்காருங்க தம்பி,” என்றார். நாடகத்தை நிறுத்திவிட்டுக் குணாளனின் முகத்தைப் பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார். சந்தைக்கு வந்த பூசணிக்காயைப் பார்க்கிற மாதிரிப் பார்வை.

“எந்த வருசம் பொறந்தீங்க?”

குணாளன் சொன்னார்.

“ஐசி குடுங்க. தேதிய வச்சுத் தேடுனா நோட்டுல சுருக்கா அகப்படும்.”

குணாளன் ஐசியை எடுத்து நீட்டினார். கொடுக்கவில்லை, நீட்டினார். பெருவிரல் தன் இடத்தில் போய் உட்கார்ந்திருந்தது.

“வெரல எடுங்க.”

விரல் வரவில்லை. சுற்றி இருந்த பதினோரு பேரும் பார்த்தார்கள். பிச்சையம்மாள் விரலைப் பார்த்தார். பிறகு அவருடைய காதுகளைப் பார்த்தார். வெளியே முருகையா இருமும் சத்தம் கேட்டது.

“சரி. உள்ள வைங்க,” என்றார் பிச்சையம்மாள். “ஞாயித்துக்கெழம காலையில காடி அனுப்புங்க. நோட்ட எடுத்துக்கிட்டு வர்றேன்.”

பிறகு நாடகத்தை விட்ட இடத்திலிருந்து போட்டுக்கொண்டார்.

சனிக்கிழமை மாலையில் செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றும்போது குணாளன் முடிவெடுத்துவிட்டார். பிச்சையம்மாள் நோட்டைத் திறப்பதற்கு முன்னால் தானே சொல்லிவிடுவது. அடுத்தவர் வாயால் கேவலப்படுவதைவிடத் தன் வாயால் படுவது கொஞ்சம் கௌரவம்.

ஞாயிற்றுக்கிழமை கெனாங்கா பள்ளி மண்டபம் நிரம்பி வழிந்தது. மேடைக்குப் பின்னால் பெரிய துணியில் செம்பனை மரமும் அதன் கீழே குணாளனும். முன்வரிசையில் பழனியாண்டி. பாலிங்கில் டயர் கடை வைத்திருப்பவரை, பழைய போட்டியாளரும் வாழ்த்த வேண்டும் என்று டீச்சர்தான் வரவழைத்திருந்தார். அவர் உட்கார்ந்த நிமிடத்திலிருந்து பக்கத்து ஆளிடம் பேசிக்கொண்டே இருந்தார். பக்கத்து ஆள் இரண்டு முறை மாறிவிட்டார்.

“டீச்சர், நான் மொதல்ல பேசிடறேன்,” என்றார் குணாளன்.

“பாராட்டு வாங்கறவங்க கடைசியிலதான் ஒய்பி பேசணும்.”

“தயவு பண்ணுங்க.”

டீச்சர் மைக்கைப் பிடித்து, பாராட்டைக் கேட்கக் கூச்சப்பட்டு ஒய்பி முதலிலேயே பேசுகிறார் என்று அறிவித்தார். மண்டபம் கைதட்டியது.

குணாளன் மைக் முன்னால் நின்றார்.

“ஒங்ககிட்ட ஒரு உண்மையச் சொல்லணும்,” என்றார். “பதினஞ்சு வருசமா மனசுல கெடக்குது.”

மண்டபம் அடங்கியது.

“நான் இந்தத் தோட்டத்துல...”

அதற்கு மேல் வரவில்லை. கூரையில் மின்விசிறிகள் சுற்றுவது கேட்டது. ஒரு நிமிடம் போனது. முன்வரிசையில் ஒரு பெண் முந்தானையால் கண்ணைத் துடைத்தார். இரண்டாவது நிமிடத்தில் மூன்று வரிசை துடைத்தது.

“போதும் ஒய்பி,” என்று பின்னாலிருந்து ஒரு குரல். “ஒங்க மனசு எங்களுக்குத் தெரியாதா லா.”

கைதட்டல் கிளம்பியது. அதை யாரோ சைகை என்று எடுத்துக்கொள்ள, நாதஸ்வரக்காரரும் ஆரம்பித்துவிட்டார். குணாளன் மைக்கைப் பிடித்துக்கொண்டு நின்றார். நாதஸ்வரம் நிற்பதற்குள் அவருடைய தைரியம் நின்றுவிட்டது.

அப்போது பெரிய கை ஒன்று வந்து மைக்கை அவரிடமிருந்து வாங்கியது. பிச்சையம்மாள். மறுகையில் நீல நோட்டு.

“ஒக்காருங்க தம்பி. நான் சொல்றேன்.”

குணாளன் தன் நாற்காலியின் விளிம்பில் உட்கார்ந்தார். பிரேமாவதி மூன்றாம் வரிசையில் கண்ணை மூடிக்கொண்டார்.

பிச்சையம்மாள் கண்ணாடியைப் போட்டு நோட்டைத் திறந்தார். நடுப்பக்கம். விரலால் ஒரு வரியைத் தொட்டார்.

“தேதி அழிஞ்சு போச்சு. மத்ததெல்லாம் தெளிவா இருக்குது,” என்று வாசித்தார். “பால்காடு. ஒம்பதாம் நெரை. காலம்பற ஏழு மணி. ஆம்பளப் புள்ள. ஏழு ராத்தல்.”

மண்டபத்தில் ஒரு மூச்சு எழுந்து அடங்கியது.

“பொறந்தப்ப அழுவல,” என்றார் பிச்சையம்மாள், நோட்டிலிருந்து தலையைத் தூக்கி. “சும்மா பாத்துக்கிட்டே இருந்துச்சு. ரெண்டு தட்டு தட்டுனேன். அப்பவும் பேச்சில்ல. இது பெருசா யோசிக்கிற புள்ளன்னு அன்னைக்கே ஆத்தாகாரிகிட்ட சொன்னேன்.”

அதுவரை அழாதவர்களும் அழுதார்கள். முன்வரிசையில் பழனியாண்டி எழுந்தார்.

“அக்கா, ஒம்பதாம் நெரையில... அது வந்து...”

“பழனி, ஒக்காரு,” என்றார் பிச்சையம்மாள் மைக்கிலேயே. பழனியாண்டி உட்கார்ந்தார்.

பொன்னாடை போர்த்தினார்கள். மலர் வெளியிட்டார்கள். சாப்பாட்டில் பாயசம் இருந்தது. பிச்சையம்மாள் இரண்டு முறை வாங்கினார். குணாளனுக்கு ஒன்றும் இறங்கவில்லை. தப்பித்துவிட்டோம் என்று உடம்பு சொன்னது. எதற்காக இந்த அம்மாள் தன்னைக் காப்பாற்றினார் என்று மனம் கேட்டது. அவரைத் தானே கொண்டுபோய் விட்டு வருவதாகச் சொல்லிக் காரில் ஏறினார்.

கார் அலோர் ஸ்டாரைத் தாண்டியது. இருபுறமும் நெல்வயல், வெயில், நேரான சாலை. பின்னிருக்கையில் இருவருக்கும் நடுவில் நீல நோட்டு கிடந்தது.

“பாக்கணும்னா பாருங்க,” என்றார் பிச்சையம்மாள் ஜன்னலைப் பார்த்தபடி.

குணாளன் நடுப்பக்கத்தைத் திறந்தார். பென்சில் எழுத்து. பால்காடு, ஒன்பதாம் நெரை, காலை ஏழு, ஆண், ஏழு ராத்தல். எல்லாம் பிச்சையம்மாள் வாசித்தபடியே இருந்தது. தேதியும் அழியவில்லை. தேதிக்குப் பக்கத்தில் பெயரும் இருந்தது.

பழனியாண்டி.

அதற்குக் கீழே ஒரு குறிப்பு: பிறந்ததிலிருந்து சத்தம் ஓயவில்லை.

நாற்காலியைத்தான் எடுத்துக்கொண்டோம் என்று குணாளன் நினைத்திருந்தார். இப்போது அந்த மனிதனின் பிறப்பையும் அவன் கண்ணெதிரிலேயே எடுத்துக்கொண்டாயிற்று.

“ஏம்மா எனக்காகப் பொய் சொன்னீங்க?”

“சொல்லவும் முடியாம முழுங்கவும் முடியாம நின்னீங்க. புள்ள பாதி வழியில நின்னுட்டா யாராவது கை குடுக்கணும்ல? அதுதானே தம்பி என் வேல.”

குணாளன் நோட்டை மூடினார். ஐசியை எடுத்தார். வாழ்க்கையில் முதல்முறையாகப் பெருவிரலை ஓரத்தில் வைத்துப் பிடித்து நீட்டினார்.

“நான் பினாங்குல பொறந்தவன்.”

“தெரியும்,” என்றார் பிச்சையம்மாள். அட்டையை அவர் பார்க்கவேயில்லை.

“வியாழக்கெழம பாத்துட்டீங்களா?”

“பதினஞ்சு வருசமாத் தெரியும். லயத்துல யாரு எங்க பொறந்தான்னு எனக்கே தெரியாமப் போயிருமா? கோயில் வாசல்ல நீங்க சொன்னப்ப நான் ரெண்டாவது வரிசையில ஒக்காந்திருந்தேன். காது ரெண்டும் செம்பருத்தியாட்டம் இருந்துச்சு.”

முன்னால் முருகையா இருமினார்.

“முருகையா,” என்றார் குணாளன் மெதுவாக. “ஒனக்கும் தெரியுமா?”

“கெனாங்காவுக்கே தெரியும் ஒய்பி. கவுண்டர்ல நீங்க வெரல வச்சு மறைக்கிறப்பல்லாம் நான் வேற பக்கம் திரும்பிக்குவேன் லா. ஒங்களுக்குச் சங்கடமா இருக்கக் கூடாதுன்னுதான் இருமுறது.”

“டீச்சருக்கு?”

“டீச்சர் பாவம், ரிட்டயர் ஆனப்புறந்தான் தைப்பிங்லேருந்து வந்தவங்க. அவங்களுக்கு மட்டுந்தான் தெரியாது.”

குணாளன் சிரிக்க ஆரம்பித்தார். சத்தமில்லாத சிரிப்பு. தோள் குலுங்கி, பொன்னாடை நழுவி, கண்ணில் நீர் வந்தது. பதினைந்து வருடமாக நெஞ்சுக்குள் இறுக்கிக் கட்டியிருந்த எதையோ யாரோ அவிழ்த்துவிட்ட மாதிரி இருந்தது. காரின் இருக்கையில் பாதி முதுகு சாய்ந்தார். மீதிப் பாதி சாயவில்லை. அங்கே இன்னும் ஒரு கழித்தல் கணக்கு நின்றது.

“எல்லாம் சரிம்மா. ஆனா அந்த சீட்டு பழனியாண்டிக்குப் போக வேண்டியது. அவருதான் நெசமாவே ஒங்க புள்ள. நான் பொய் சொல்லி அதப் பறிச்சுட்டேன். நான் பினாங்குக்காரன்னு மட்டும் அன்னைக்கு யாராவது வந்து சொல்லியிருந்தா, ஒங்க எரநூத்தி நாப்பது ஓட்டும் அவருக்குத்தானே விழுந்திருக்கும்?”

பிச்சையம்மாள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார். வயலில் ஒரு கொக்கு எழுந்து பறந்து வேறொரு வரப்பில் உட்கார்ந்தது.

“சொன்னாங்களே. வேட்புமனுவுல ஒங்க ஐசி நம்பரப் பாத்துட்டு பழனியாண்டிதான் வீடு வீடா வந்து சொன்னான், ‘அவரு பினாங்குல பொறந்தவரு, நான்தான் ஒங்க கண்ணு முன்னால இங்கயே பொறந்து வளந்தவன், நல்லா யோசிச்சு ஓட்டுப் போடுங்க’ன்னு. நாங்களும் நல்லா யோசிச்சுத்தான் தம்பி ஒங்களுக்குப் போட்டோம்.”